உச்சவரம்பும் குடியிருப்பும்

சென்ற மாதம் ஒரு மாலைப் பொழுதில், முன்னர் என்னிடம் வரலாறு பயின்ற மாணவி ஒருத்தி வீடு தேடி வந்தாள். நாவலப்பிட்டியை அடுத்த தோட்டமொன்றில் பிறந்து, பட்டம் பெற்று, இப்பொழுது தானும் ஆசிரியையாகப் பணிபுரிபவள். தம்பியின் மேற்படிப்புக்குக் கடன் பெறுவதற்கான விண்ணப்பத்தாளொன்றைச் சரிபார்த்துத் தரும்படி நீட்டினாள். எல்லாக் கட்டங்களும் நிரம்பியிருந்தன. ஒன்று மட்டும் வெறுமையாக இருந்தது. பிணையாக வைக்கும் காணியின் உறுதி இலக்கத்தைக் கேட்கும் கட்டம் அது.

"லயத்தை விட்டு ஏழு பேர்ச் வீட்டுக்குப் போய்விட்டீர்கள் அல்லவா, அம்மா?" என்றேன்.

"போய்விட்டோம், சேர். வீட்டுச் சாவி கையில் இருக்கிறது, உறுதிதான் இன்னும் வரவில்லை" என்று கூறிச் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

இலங்கையில் காணிச் சீர்திருத்தம் நிகழ்ந்து ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டன. அதனை எத்தனையோ முறை கரும்பலகையில் எழுதிக் கற்பித்தவன் நான். ஆயினும் நான் கற்பித்த பாடத்தில் ஏதோ ஒன்று விடுபட்டிருக்கிறது என்பதை அவளுடைய வெறுங்கட்டமே எனக்கு உணர்த்தியது.

மலைநாட்டுக் காணியின் கதை 1840ஆம் ஆண்டிலே தொடங்குகிறது. காடாகவும் தரிசாகவும் கிடக்கும் நிலமெல்லாம், வேறொருவருக்கு உரியதென நிறுவப்படாதவரை, முடிக்கு உரியதாகவே கொள்ளப்படும் என்று அவ்வாண்டில் ஆங்கில ஆட்சி சட்டம் செய்தது. தலைமுறை தலைமுறையாகச் சேனைப் பயிர் செய்தும் மாடு மேய்த்தும் வந்த கண்டிச் சிங்களக் குடியானவனிடம் காட்டுவதற்கு ஓலையுமில்லை, உறுதியுமில்லை. அவன் அனுபவித்த மலைகள் விற்பனைக்கு வந்தன. அவற்றில் கோப்பி முளைத்தது. கோப்பி அழிந்தபின் தேயிலை தழைத்தது. 1874ஆம் ஆண்டில் இருப்புப்பாதை நாவலப்பிட்டியை எட்டியது. கோப்பிக்காகவும் பின்னர் தேயிலைக்காகவும் தமிழகத்திலிருந்து நம்மவர் கூட்டங் கூட்டமாக மலையேறினர்.

பஸ்பாகே கோறளைக் கிராமமொன்றைச் சேர்ந்த சிங்கள ஆசிரியர் ஒருவர் எனக்கு நெடுநாள் நண்பர். "நீங்கள் உங்கள் வியர்வையைச் சொல்கிறீர்கள், நாங்கள் எங்கள் பாட்டன் இழந்த சேனையைச் சொல்கிறோம். எது பொய்?" என்று ஒருமுறை கேட்டார். இரண்டும் பொய்யல்ல. ஒருவன் இருந்த நிலத்தை இழந்தான். மற்றவன் நிலமில்லாமலே வந்து, பத்தடிக்குப் பன்னிரண்டடி அறையொன்றில் குடியிருந்தான். இருவருக்கும் ஒரே வேளையில் நீதி செய்வதே சுதந்திர நாட்டின் கடமையாக இருந்தது. நடந்தது வேறு.

1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டம் தோட்டத் தொழிலாளரில் மிகப் பெரும்பாலோரை நாடற்றவராக்கிற்று. அடுத்த ஆண்டிலே வாக்குரிமையும் போயிற்று. 1964ஆம் ஆண்டில் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 975,000 பேரின் கதியைக் கணக்கிட்டு, 525,000 பேரை இந்தியாவுக்கும் 300,000 பேரை இலங்கைக்கும் ஒதுக்கி, மிகுதிப் பேரைப் பின்னர் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவைத்தது. இந்நிலையிலேதான் 1972ஆம் ஆண்டின் காணிச் சீர்திருத்தச் சட்டம் வந்தது. ஒருவர் 50 ஏக்கருக்கு மேல் காணி வைத்திருத்தலாகாது. அதிலும் நெற்காணி 25 ஏக்கருக்கு மேற்படலாகாது. இவ்வாறு ஏறத்தாழ 560,000 ஏக்கர் அரசின் கைக்கு வந்தது. அப்போது தப்பிய கம்பனித் தோட்டங்கள் 1975ஆம் ஆண்டுத் திருத்தத்தினால் அரசுடைமையாயின. அவையும் 400,000 ஏக்கருக்கு மேற்பட்டவை.

நோக்கத்தில் இது பழுதற்றதே. ஆயினும், நிலத்தை எவன் எவ்வளவு வைத்திருக்கிறான் என்று அளந்த சட்டம், அந்நிலத்தின்மேல் எவன் குடியிருக்கிறான் என்று கேட்கவில்லை. துண்டு போடப்பட்ட தோட்டக் காணிகள் பெரும்பாலும் அயற்கிராமத்தாருக்கே சென்றன. பிரஜாவுரிமையும் வாக்கும் இல்லாதவனை யார் பயனாளியாகக் கருதுவார்? கிராமத்தானின் பழைய குறைக்குப் பரிகாரம் தேட முற்பட்டவர்கள், தொழிலாளியின் கூரையையே அதற்கு விலையாக வைத்தார்கள்.

அந்த ஆண்டுகள் எனக்கு நினைவிருக்கின்றன. 1974ஆம் ஆண்டில் நான் சிறுவன். கண்டி மாவட்டத்தின் தோட்டங்கள் பலவற்றில் வேலை குறைந்து, நாட்டில் அரிசியும் மாவும் அரிதாகியிருந்த காலம். நாவலப்பிட்டிப் புகையிரத நிலையத்தின் வெளித் திண்ணையில் மூட்டை முடிச்சுகளோடு குடும்பங்கள் உட்கார்ந்திருக்கும். அவர்களில் ஒரு கிழவி, மடியில் அம்மிக் குழவியொன்றை வைத்திருந்தாள். அம்மியைத் தூக்கிவர இயலவில்லையாம். எங்கே போகிறீர்கள் என்று என் தாயார் கேட்டபோது, "போகச் சொன்னாங்க, தாயீ, எங்கேன்னு சொல்லலே" என்றாள். காணிச் சீர்திருத்தம் என்ற சொல்லை நான் அறியுமுன்பே அதன் முகத்தைப் பார்த்துவிட்டேன் போலும்.

1977ஆம் ஆண்டில் நுவரெலியா மாவட்டத்தில் 7,000 ஏக்கர் தோட்டக் காணியைப் பங்கிட முயன்றபோது, தொழிலாளர் எதிர்த்து நின்றனர். மே மாதம் 11ஆந் தேதி டெவன் தோட்டத்தில் பொலிசாரின் துப்பாக்கிக் குண்டுக்கு இரையானான் சிவனு லெட்சுமணன் என்னும் இளந் தொழிலாளி. அதன்பின் அம்முயற்சி கைவிடப்பட்டது. அவன் கேட்டது புதுக்காணியன்று. இருந்த இடத்தில் இருக்கும் உரிமை மட்டுமே.

இவ்வுரிமைக்கு வேறிடங்களில் சட்டமே உண்டு. நம் சட்டத்துக்கு ஓராண்டு முன்னர், 1971ஆம் ஆண்டில், தமிழ்நாட்டில் குடியிருப்பு உரிமைச் சட்டம் நிறைவேறியது. பிறர் நிலத்தில் குடிசை போட்டிருந்த விவசாயத் தொழிலாளிக்கு அந்தக் குடிசை மனையையே சொந்தமாக்கிற்று அது. கேரளத்தில் 1970ஆம் ஆண்டு முதல் செயற்பட்ட நிலச் சீர்திருத்தம், குடிகிடப்புக்காரன் என்று அழைக்கப்பட்ட குடிசைவாசிக்குக் கிராமப் பஞ்சாயத்துகளில் 10 சென்ட் மனையை வாங்கிக்கொள்ளும் உரிமை தந்தது. நம் கணக்கில் அது 16 பேர்ச். ஆயினும் அங்கும் பெருந்தோட்டங்கள் உச்சவரம்பிலிருந்து விலக்கப்பட்டன. மூணாற்றுத் தேயிலைத் தொழிலாளர் பலர் இன்றும் கம்பனி லயங்களிலேயே வாழ்கின்றனர். ஆப்பிரிக்காவைப் பார்த்தாலும் இதே கதை. சிம்பாப்வேயில் 2000ஆம் ஆண்டு முதல் வெள்ளையர் பண்ணைகள் பங்கிடப்பட்டபோது, மலாவியிலிருந்தும் மொசாம்பிக்கிலிருந்தும் வந்தோரின் வழித்தோன்றல்களான பண்ணையாட்கள் பலர் வேலையையும் வீட்டையும் ஒருங்கே இழந்தனர். காலனி ஆட்சி கொண்டுவந்து குடியேற்றிய உழைப்பாளியை, காலனி போனபின் அந்நியனென்று எண்ணும் வழக்கம் நமக்கு மட்டும் உரியதன்று.

எனினும் நம் நாட்டுக்கு ஒரு வாய்ப்பு உண்டு. தமிழ்நாட்டுச் சட்டம் தனியார் நிலத்திலிருந்து மனையைப் பிரித்தெடுக்க வேண்டியிருந்தது. இங்கோ, 1992ஆம் ஆண்டில் தோட்ட நிர்வாகம் கம்பனிகளிடம் ஒப்படைக்கப்பட்டு, பின்னர் நெடுங்காலக் குத்தகையாக்கப்பட்ட போதிலும், மண் அரசினுடையதே. கொடுக்கவேண்டிய கையும் அரசினுடையது, கொடுக்கவேண்டிய காணியும் அரசினுடையது. 2003ஆம் ஆண்டுச் சட்டத்தினால் பிரஜாவுரிமைச் சிக்கலும் பெருமளவில் தீர்ந்துவிட்டது. இனி எதைக் காரணங் காட்டுவது?

"ஏழு பேர்ச்சுக்கு இத்தனை ஆரவாரமா?" என்று கேட்பாருமுண்டு. 2014ஆம் ஆண்டு ஒக்டோபரில் கொஸ்லாந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியதை அவர்கள் நினைத்துப் பார்க்கட்டும். ஆபத்தான இடத்தை விட்டுப் போ என்பது எளிது. போவதற்குத் தன்னிச்சையாய் ஓரிடம் தேர்ந்துகொள்ள, சொந்தமாய்ப் பிடிமண் வேண்டும். உறுதி உள்ளவன் கடன் பெறுவான், சுவரை உயர்த்துவான், பின்புறத்தில் நட்ட பலாமரத்தின் பயனைப் பேரனுக்கு விட்டுச் செல்வான். தோட்ட வேலையை விட்டாலும் வீட்டை விட வேண்டுமோ என்று அஞ்சமாட்டான்.

விண்ணப்பத்தாளை மாணவியிடம் திருப்பிக் கொடுத்தேன். அந்தக் கட்டத்தில் என்ன எழுதுவது என்று கேட்டாள். "உள்ளதை எழுது, அம்மா" என்றேன். 'உறுதி வழங்கப்படவில்லை' என்று திருத்தமான எழுத்தில் எழுதிக்கொண்டு, கடைசி பஸ்ஸுக்கு விரைந்தாள். கடன் கிடைத்ததோ இல்லையோ, இதுவரை செய்தி வரவில்லை.

ஆசிரிய நண்பர்களுக்கு ஒரு விண்ணப்பம் உண்டு. காணிச் சீர்திருத்தத்தைக் கற்பிக்கையில் 1972 என்ற ஆண்டைக் கரும்பலகையில் எழுதுவீர்கள். அதற்குப் பக்கத்திலே 1971 என்பதையும் எழுதுங்கள். உச்சவரம்பு என்ற சொல்லுக்கு அருகே குடியிருப்பு என்ற சொல்லையும் எழுதுங்கள். இரண்டுக்கும் உள்ள வேறுபாட்டைப் பிள்ளைகள் தாமே கேட்பார்கள். அவ்வாறு கேட்கும் பிள்ளைகளுள் சிலருடைய வீட்டில் இன்றும் சாவி மட்டுமே இருக்கும்.