ஆர்.சி. புக் தொலைந்துவிட்டதா? முதலில் பெயரைப் பாருங்கள்

காங்கேயம் பக்கம் ஆர்.சி. புக் வீணாவது பெரும்பாலும் வண்டிக்குள்ளேயேதான். எக்ஸ்எல் வண்டியின் பக்கப் பெட்டியில் ஒரு பாலித்தீன் கவர் இருக்கும். அதற்குள் நான்காக மடித்த இன்சூரன்ஸ் தாளும், அதோடு ஒட்டிக்கொண்ட ஆர்.சி.யும் கிடக்கும். தேங்காய்க் களத்துக்கும் தோட்டத்துக்கும் ஓடும் பிக்கப்பில் என்றால் டேஷ்போர்டுக்குள். மழைத் தண்ணீர் இறங்கி, எண்ணெய்க் கை பட்டு, ஒருநாள் எடுத்துப் பார்த்தால் சேஸிஸ் எண்ணில் பாதியைக் காணோம். சிலருக்குக் கவரோடு எங்கேயோ விழுந்தும் போய்விடுகிறது.

பதற வேண்டியதில்லை. வண்டி யாருடையது என்ற பதிவு போக்குவரத்துத் துறையின் வாகன் கணினித் தொகுப்பில் இருக்கிறது. கையில் இருப்பது அதற்கான சான்றுதான். தொலைந்தாலும் கிழிந்தாலும் நகலுக்கு விண்ணப்பம் ஒன்றே: படிவம் 26. பரிவாகன் இணையதளத்தில் வண்டி எண்ணையும் சேஸிஸ் எண்ணின் கடைசி ஐந்து எழுத்துகளையும் கொடுத்து நாமே தொடங்கலாம். கிழிந்ததோ நைந்ததோ என்றால் பழையதை இணைக்க வேண்டும். தொலைந்திருந்தால் மத்திய மோட்டார் வாகன விதி 53-இன்படி காவல் நிலையத்தில் தெரிவித்திருக்க வேண்டும். தமிழ்நாடு காவல்துறை இணையதளத்தில் தொலைந்த ஆவணத்துக்கான அறிக்கையை வீட்டிலிருந்தே பதிவு செய்யும் வசதியும் உண்டு. கட்டணம் புதுப் பதிவுக்கு வாங்குவதில் பாதி: பைக்குக்கு 150 ரூபாய், சொந்தக் காருக்கு 300 ரூபாய். ஸ்மார்ட் கார்டுக்கு 200 ரூபாய் தனி. புரோக்கர் சொல்லும் தொகையை இதோடு வைத்துப் பாருங்கள்.

இவ்வளவு எளிது என்றால் மாதக்கணக்கில் அலைகிறவர்கள் ஏன் அலைகிறார்கள்? பதிவில் இருக்கும் பெயர் அவர்களுடையதாக இல்லை. சிக்கலின் வேர் பெரும்பாலும் இதுதான்.

சந்தையில் பழைய வண்டி வாங்கும்போது ஆர்.சி.யும் கையெழுத்துப் போட்ட படிவம் 29, 30-ம் கைமாறுகின்றன. பெயர் மாற்றத்தை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிடுகிறோம். மாநிலத்துக்குள் விற்றால் விற்றவர் 14 நாளுக்குள்ளும் வாங்கியவர் 30 நாளுக்குள்ளும் தெரிவிக்க வேண்டும் என்பது சட்டம். ஐந்து வருடம் கழித்து ஆர்.சி. தொலைகிறது. நகல் கேட்கும் உரிமை பதிவில் உள்ள உரிமையாளருக்குத்தான். காசு கொடுத்து வாங்கி, வரி கட்டி, இன்சூரன்ஸ் போட்டவர், பழைய முதலாளி இப்போது வெள்ளகோவிலில் இருக்கிறாரா, கரூரில் இருக்கிறாரா என்று தேடிக்கொண்டு கிளம்ப வேண்டியதாகிறது.

அப்பா பெயரில் இருக்கும் வண்டி இன்னும் வேதனை. அவர் காலமான பிறகு அவர் பெயரில் நகல் கேட்கக் கூடாது. இறப்பை 30 நாளுக்குள் தெரிவித்து, மூன்று மாதத்துக்குள் படிவம் 31-இல் பெயர் மாற்றம் கேட்க வேண்டும். இறப்புச் சான்றும் வாரிசுச் சான்றும் வேண்டும். கெடு கடந்திருந்தாலும் வழி இதுதான். துக்க வீட்டில் வண்டிக் காகிதத்தை யார் நினைப்பார்கள்? ஆனாலும் பத்திரங்களைப் பார்க்க உட்காரும் அன்றே இதையும் எடுத்து வைத்துவிடுவது நல்லது.

அடுத்தது ஃபைனான்ஸ். வண்டிக் கடனில் ஊறிய வட்டாரம் இது. பதிவில் கடன் குறிப்பு இருந்தால் படிவம் 26-இல் ஃபைனான்ஸ் நிறுவனத்தின் சம்மதக் கையெழுத்தும் கேட்பார்கள். கடன் முடிந்தும் அந்தக் குறிப்பை நீக்காமல் விட்டவர்கள் படிவம் 35-ஐயும் தடையில்லாக் கடிதத்தையும் வாங்கி நீக்கிக்கொள்ள வேண்டும். கடன் முடிந்ததால் அது தானாகப் போய்விடாது. இதைவிட ஆபத்தானது, ஆர்.சி.யை ஒருவரிடம் கொடுத்துக் கைமாற்று வாங்கிவிட்டு, ‘தொலைஞ்சு போச்சுங்க’ என்று எழுதிக் கொடுப்பது. அவசரத்துக்குச் செய்கிறோம் என்று நினைக்கிறார்கள். காவல் துறையிடமும் பதிவு அலுவலகத்திலும் கொடுப்பது பொய் வாக்குமூலம். கடன் கொடுத்தவர் அசலை எடுத்து நீட்டினால் வழக்கு வரை போகும். மூட்டை மூட்டையாகக் கொப்பரை ஏற்றி உழைத்துச் சம்பாதித்த வண்டியை இப்படிச் சிக்கலில் மாட்டிவிடாதீர்கள்.

எந்த அலுவலகம் என்பதிலும் நம் ஊருக்கு ஒரு குழப்பம் உண்டு. 2009-இல் திருப்பூர் மாவட்டம் பிறக்கும்வரை காங்கேயம் ஈரோடு மாவட்டத்தில் இருந்தது. அதனால்தான் ஒரே தெருவில் ஈரோட்டின் 33, திருப்பூர் தெற்கின் 42, தாராபுரத்தின் 78 என்று எண்கள் கலந்து நிற்கின்றன. எண்ணை மட்டும் பார்த்துப் பஸ் ஏறாதீர்கள். கடைசியாக எந்த அலுவலகத்தில் பதிவு இருக்கிறதோ அங்கேதான் நகல் கிடைக்கும். முகவரி மாற்றியிருந்தால் 33-ஆம் எண் வண்டியின் பதிவு திருப்பூரில் இருக்கலாம். எம்பரிவாகன் செயலியில் வண்டி எண்ணைப் போட்டால் அலுவலகத்தின் பெயரே வந்துவிடும்.

நகல் வரும்வரை வண்டியை நிறுத்திவைக்க வேண்டியதில்லை. டிஜிலாக்கரிலோ எம்பரிவாகனிலோ இறங்கும் மின் ஆர்.சி.யைச் சோதனையில் ஏற்க வேண்டும். 2018-இல் விதி 139 இதற்காகவே திருத்தப்பட்டது. அதை டிஜிலாக்கரில் இறக்கவும் பதிவில் உள்ள பெயர் நம் ஆதாரோடு ஒத்துப்போக வேண்டும். நகல் விண்ணப்பத்துக்கான ஓடிபி போவதோ பதிவில் இருக்கும் செல்போன் எண்ணுக்கு. பழைய வண்டிகளில் அந்த இடம் காலியாக இருக்கும், இல்லையென்றால் புரோக்கரின் எண் இருக்கும். விண்ணப்பத்துக்கு முன் அதை மாற்றிக்கொள்ளுங்கள்.

முகவரியையும் ஒருமுறை பாருங்கள். 2024 பிப்ரவரி 28 முதல் தமிழ்நாட்டில் ஆர்.சி. அட்டை விரைவுத் தபாலில்தான் வருகிறது. பதிவில் இருக்கும் கதவு எண்ணுக்குத்தான் தபால்காரர் போவார்.