திராவிடக் கட்டடக்கலையும் வரலாற்று நூல்களும்

கோயிலை வழிபடுவோர் பலர். அதன் கட்டட அமைப்பைக் கற்றறிவோர் சிலரே. தென்னாட்டுக் கோயில்களின் காலமும் உறுப்புக்களும் பற்றி இன்று மாணவர் எளிதிற் பெறும் அறிவு, ஒன்றன்பின் ஒன்றாக எழுந்த சில நூல்களால் வகுக்கப்பட்டதாகும். நூலாசிரியர் ஒவ்வொருவரும் எதனைச் சான்றாகக் கொண்டனரோ, அதற்கேற்பவே அவர்தம் முடிபும் அமைந்தது.

இத்துறையின் முதனூல் எனத்தக்கது, இந்துக்களின் கட்டடக்கலை பற்றி இராம்ராஸ் என்பார் ஆங்கிலத்தில் எழுதிய ஆய்வுரை. தஞ்சையிற் பிறந்து பெங்களூரில் நீதித்துறையிற் பணிபுரிந்த அவர், மானசாரம் முதலிய சிற்பநூல்களைத் தேடிப் பெற்றார். அவற்றின் கலைச்சொற்கள் வடமொழி வல்லார்க்கும் எளிதில் விளங்காதனவாயிருந்தன. எனவே தொழில்வல்ல சிற்பியரை நாடிப் பொருள் தெளிந்தார். அவர் மறைந்தபின், 1834இல், அந்நூல் 48 படங்களுடன் இலண்டனில் வெளிவந்தது. அதிட்டானம், கால், பிரஸ்தரம், சிகரம் ஆகிய உறுப்புக்களின் பெயரும் அளவும் அதனாற் புலனாயின. ஆயினும் அது கூறியது விதியையே. எக்கோயில் எக்காலத்தது என்பதனையன்று.

வங்காளத்தில் அவுரி வாணிகம் செய்த ஜேம்ஸ் பெர்குசன், மறுதலையான வழியைப் பின்பற்றினார். ஊர்தோறும் சென்று, கட்டடங்களை நேரிற் கண்டு, வரைந்து, ஒப்புநோக்கினார். 1876இல் வெளிவந்த அவரது இந்திய, கீழைநாட்டுக் கட்டடக்கலை வரலாறு, கட்டடமே சான்று என்னும் கொள்கையை நிலைநாட்டியது. ஆனால், கட்டினோர் கருத்தை அவர் போதிய அளவு வினவினாரல்லர். திருவரங்கத்தின் புறத்தே கோபுரங்கள் பெரியனவாயிருக்க, உள்ளே செல்லச்செல்லக் கட்டடங்கள் சிறுத்துப்போவதை அவர் பெருங்குறையெனக் கருதினார். இம்முறை மாறி அமைந்திருப்பின் அது தென்னாட்டின் மிகச் சிறந்த கோயில்களுள் ஒன்றாகியிருக்கும் என்பது அவர் கருத்து.

அவ்வமைப்பின் காரணம் வேறு. கருவறையே கோயிலின் மூலம். பிற்கால மன்னர் அதனைச் சிதைத்துப் பெரிதாக்க விரும்பாது, சூழத் திருச்சுற்றுக்களை எழுப்பினர். தம் வளத்தையும் பத்தியையும் புறவாயிற் கோபுரங்களிற் காட்டினர். எனவே, கண்ணுக்குக் குறையாகத் தோன்றியது, பழமையைப் பேணியதன் விளைவேயாகும்.

கண்ணையும் சொல்லையும் இணைத்தவர் புதுச்சேரிப் பேராசிரியர் ழுவோ துப்ரேய். 1914இல் பிரெஞ்சு மொழியில் வெளியான அவரது நூல், சிற்பியரிடம் கேட்டறிந்த சொற்களைக் கருவியாகக் கொண்டு கட்டடங்களை ஆராய்ந்தது. தூணின்மேல் உத்திரத்தைத் தாங்கும் போதிகை ஒன்றே அவர் முறையை விளக்கப் போதுமானது. பல்லவர் காலத்தில் அது வளைந்து, அலைபோன்ற தரங்கங்களை உடையதாயிருந்தது. சோழர் காலத்திற் சரிவாக வெட்டப்பட்டு, நடுவில் முனை நீட்டப்பெற்றது. விசயநகரக் காலத்தில் அம்முனை தொங்கும் பூமொட்டாக வளர்ந்தது. இத்தகைய சிறு மாறுதல்களைத் தொடர்ந்து நோக்கின், கல்வெட்டில்லாத மண்டபத்தின் காலத்தையும் ஒருவாறு உய்த்துணரலாம்.

தொழிலாளரின் மரபறிவைச் சான்றாக மதிக்கும் நெறி ஈழத்திலும் சிறந்த நூலொன்றைத் தந்தது. கொழும்பிற் பிறந்த ஆனந்த குமாரசுவாமி, கண்டி நாட்டுக் கம்மியரின் தொழில்முறைகளையும் வாழ்க்கையையும் நேரில் ஆராய்ந்து, இடைக்காலச் சிங்களக் கலை என்னும் பெருநூலை 1908இல் வெளியிட்டார். கலைப்பொருளை, அதனைச் செய்தோர் வாழ்விலிருந்து பிரித்தல் ஆகாது என்பதே அதன் உட்கிடை.

1983இல் வெளிவரத் தொடங்கிய இந்தியக் கோயிற் கட்டடக்கலைக் கலைக்களஞ்சியம் சிற்பநூற் சொற்களையே ஆய்வுமொழியாக ஏற்றுக்கொண்டது. இராம்ராஸ் தொடங்கிய பணி அதிற் பெரும்பயன் பெற்றதெனலாம்.

இந்நூல்கள் நூலகத்தோடு அமைவன அல்ல. திருப்பணியின்போது பழைய போதிகையொன்று அகற்றப்பட்டு, அவ்விடத்திற் புதியது வைக்கப்படின், ஒரு காலத்தின் சான்று மறைகின்றது. அதனைப் படிக்கத் தெரிந்தவனே அவ்விழப்பை உணர்வான். உணர்ந்தவனே அதனைக் காக்க முற்படுவான். கலைவரலாற்று நூல்களின் முதன்மையான பயன் இதுவேயாம்.