சின்னப்பம்பட்டி நடராஜன்

கொங்கு நாடு தறிகளின் நாடு. கோயம்புத்தூரில் பெரிய நூற்பாலைகள் உண்டு. திருப்பூரில் பின்னலாடைத் தொழில் உண்டு. ஈரோட்டில் துணிச் சந்தை உண்டு. வடகிழக்கே சேலம் மாவட்டத்துள் நுழைந்தால் தாரமங்கலம், சலகண்டாபுரம், எடப்பாடி முதலிய ஊர்களில் விசைத்தறிகளின் ஓசை இரவும் பகலும் கேட்டுக்கொண்டே இருக்கும். இப்பகுதியில் உள்ள சிற்றூர்களுள் ஒன்று சின்னப்பம்பட்டி. 1991ஆம் ஆண்டில் அவ்வூரில் பிறந்த தங்கராசு நடராஜன், கிரிக்கெட்டு ஆட்டத்தில் இந்திய நாட்டின் சார்பாகப் பந்து வீசும் நிலையை எய்தினார்.

அவருடைய தந்தையார் விசைத்தறிக் கூடத்தில் நாட்கூலிக்கு வேலை செய்தவர். தாயார் சாலையோரத்தில் சிறு கடை வைத்து நடத்தினார். மக்கள் ஐவருள் மூத்தவர் நடராஜன். மட்டையும் காலணியும் வாங்குவதற்கே பெரும்பொருள் வேண்டிய ஓர் ஆட்டத்தை அத்தகைய குடும்பத்துப் பிள்ளை எவ்வாறு கற்றுக்கொண்டார் என்னும் வினா எழலாம். விடை எளியது. அவர் ஆடியது டென்னிசுப் பந்து கொண்டு ஆடும் கிரிக்கெட்டு. அதற்குக் காலுறையும் கையுறையும் வேண்டா, புல்தரை வேண்டா, அறுவடை முடிந்த வயலும் ஒரு பந்தும் போதும். ஊர்தோறும் இளைஞர்கள் குழுக்களாகச் சேர்ந்து பந்தயம் நடத்துவர். இருபது வயதுவரை நடராஜன் அறிந்திருந்த ஆட்டம் இதுவே.

டென்னிசுப் பந்து ஏறக்குறைய 58 கிராம் எடையுள்ளது. கிரிக்கெட்டுக்குரிய தோல் பந்தோ 156 கிராமுக்குக் குறையாது. எடை குறைந்த பந்து தரையில் பட்டதும் உயர எழும்பும். மட்டையால் ஓங்கி அடித்தால் எல்லைக் கோட்டைத் தாண்டி ஓடும். ஓவர்களும் சிலவே ஆதலால், எதிரே நிற்பவர் முதற்பந்திலிருந்தே வீசி அடிக்க முற்படுவார். அவரைத் தடுக்கப் பந்து வீசுபவனுக்கு ஒரே வழி, பந்தை எழும்பவே விடாமல் அவர் காலடியில் இறக்குவதாகும். இவ்வாறு மட்டையின் அடிப்பகுதியில் வந்து விழும் பந்தை யார்க்கர் என்பர். இலங்கையின் தென்கரையில் காலி நகருக்கு அருகில் வளர்ந்த லசித் மலிங்காவும் இளமையில் மெத்தென்ற பந்தால் ஆடியே இக்கலையில் தேர்ந்தார். வறுமை கற்றுக்கொடுத்த கலை என்று இதனைச் சிலர் கூறுவர். அவ்வாறு கூறுவதைவிட, அந்த ஆட்டம் கற்றுக்கொடுத்த கலை என்பதே பொருந்தும்.

யார்க்கர் வீசுவது எளிதன்று. ஆடுதளத்தின் நீளம் 22 கஜம். மணிக்கு 140 கிலோமீட்டர் விரைவில் வரும் பந்து ஏறக்குறைய அரை நொடியில் அத்தொலைவைக் கடந்துவிடும். அது விழவேண்டிய இடமோ மட்டை தரையைத் தொடும் ஒரு சாண் அளவேயாகும். சிறிது முன்னதாக விழுந்தால் அடிப்பதற்கு வாய்ப்பான பந்தாகிவிடும். சிறிது நீண்டால் தரையில் படாமல் இடுப்பளவில் வந்து அதைவிட எளிதாகிவிடும். எனவே பலர் இதனை எப்போதோ ஒருமுறை துணிந்து வீசுவர். நடராஜன் ஓர் ஓவரில் ஆறு பந்துகளையும் இவ்வாறே வீசக்கூடியவர். இடக்கையால் வீசுவதால், வலக்கை ஆட்டக்காரரை நோக்கி அவருடைய பந்து குறுக்குக் கோணத்தில் வருவதும் ஒரு வலிமையாகும்.

இவ்வாற்றலை முதலில் உணர்ந்தவர் அதே ஊரைச் சேர்ந்த ஜெயப்பிரகாசு என்பவர். சிற்றூர்ப் பந்தயங்களோடு இவ்விளைஞரின் ஆட்டம் நின்றுவிடக் கூடாது என்று கருதிய அவர், நடராஜனைச் சென்னைக்கு அனுப்பி வைத்தார். சென்னையில் கிரிக்கெட்டுக் கழகங்கள் பல பிரிவுகளாக வகுக்கப்பட்டு ஆண்டுதோறும் போட்டியிடுகின்றன. நடராஜன் நான்காம் பிரிவுக் கழகம் ஒன்றில் தொடங்கி, முதற்பிரிவைச் சார்ந்த ஜாலி ரோவர்சு கழகம்வரை உயர்ந்தார். பிற்காலத்தில் அவர் தம் சட்டையில் 'ஜே.பி.' என்னும் எழுத்துகளைத் தம் பெயருக்கு முன்னே பொறித்துக்கொண்டார். அவை ஜெயப்பிரகாசைக் குறிப்பன.

2015 சனவரியில் தமிழ்நாட்டு அணிக்காக ரஞ்சிக் கோப்பைப் போட்டியில் முதன்முறையாக ஆடினார். ஆனால் மகிழ்ச்சி நிலைக்கவில்லை. அவர் பந்து வீசும் முறை ஐயத்திற்குரியது என்று நடுவர்கள் அறிவித்தனர். கிரிக்கெட்டில் பந்தை வீசலாமேயன்றி எறிதல் கூடாது. கை தோளளவுக்கு உயர்ந்தது முதல் பந்து விடுபடும்வரை முழங்கை 15 பாகைக்கு மேல் நிமிருமானால் அஃது எறிதல் ஆகும். கண்ணால் காண்பவர்க்கு இவ்வேறுபாடு எளிதில் புலப்படாது. ஆனால் விதி விதியே. வயலில் ஆடிய காலத்தில் இதனைச் சுட்டிக்காட்டுவார் யாரும் இல்லை.

ஆட்டக்காரர் ஒருவருக்கு இதைவிடப் பெரிய இடர் நேர்வது அரிது. எலும்பு முறிந்தால் மருத்துவர் இணைப்பார். பல்லாண்டுப் பழக்கத்தால் உடம்பில் ஊறிய அசைவை மாற்றுவது யாரால் இயலும்? அவ்வசைவை மாற்றினால் யார்க்கர் கைவிட்டுப் போகலாம். மாற்றாவிட்டால் ஆட்டமே போய்விடும். பலர் இந்நிலையில் ஊர் திரும்பிப் பிழைப்பைப் பார்த்துக்கொண்டனர். நடராஜன் ஏறத்தாழ ஓராண்டு காலம் போட்டிகளை விட்டு விலகி, முன்னாள் தமிழ்நாட்டு ஆட்டக்காரர் சுனில் சுப்பிரமணியம் முதலானோரின் துணையுடன் பந்து வீசும் கலையைத் தொடக்கத்திலிருந்து மீண்டும் பயின்றார். யார்க்கர் கைவிட்டுப் போகவில்லை. 2016ஆம் ஆண்டு தமிழ்நாடு பிரிமியர் லீக் போட்டிகளில் திண்டுக்கல் அணிக்காக அவர் வீசிய பந்துகளைக் கண்டோர் இதனை நன்கு அறிந்தனர்.

2017இல் இந்தியன் பிரிமியர் லீக் ஏலத்தில் பஞ்சாபு அணியினர் அவரை மூன்று கோடி ரூபாய்க்கு எடுத்தனர். இந்தச் செய்தியையே அனைவரும் வியந்து பேசினர். அந்த ஆண்டில் அவர் ஆடியவை ஆறே ஆட்டங்கள் என்பதையும், வீழ்த்தியவர் இருவரே என்பதையும் பேசியவர் குறைவு. மறு ஆண்டில் ஐதராபாத்து அணி அவரை 40 இலட்சத்திற்கு எடுத்தது. 2018, 2019 ஆகிய இரண்டு ஆண்டுகளிலும் ஓர் ஆட்டத்திற்கும் இறக்கவில்லை. பெஞ்சியில் அமர்ந்திருந்த அவ்விரண்டு ஆண்டுகளின் பயன் 2020இல் வெளிப்பட்டது. அவ்வாண்டு அவர் 16 விக்கெட்டுகளை வீழ்த்தினார். நவம்பர் 6ஆம் நாள் அபுதாபியில் நடைபெற்ற ஆட்டத்தில், உலகின் சிறந்த மட்டையாளர்களுள் ஒருவரான ஏ. பி. டிவில்லியர்சின் குச்சிகளை யார்க்கர் ஒன்றால் சிதறச் செய்தார்.

அதன்பின் இந்திய அணியுடன் ஆசுத்திரேலியா சென்றார்; ஆடுவதற்கன்று. மட்டையாளர்கள் பயிற்சி பெறுவதற்காக வலைக்குள் பந்து வீசித் தருவதே அவருக்கு முதலில் இடப்பட்ட பணி. ஒருவர் பின் ஒருவராக ஆட்டக்காரர்கள் காயமுற்றதால் அவருக்கு இடம் கிடைத்தது. 2020 திசம்பர் 2இல் கான்பெராவில் முதல் ஒருநாள் ஆட்டம். அன்று அவர் வீழ்த்திய முதல் மட்டையாளர் லபுசேன். இரு நாள் கழித்து அதே நகரில் முதல் இருபது ஓவர் ஆட்டம். அதில் மூன்று விக்கெட்டுகள். 2021 சனவரி 15இல் பிரிசுபேனில் முதல் டெசுட்டு ஆட்டம். ஒரே சுற்றுப்பயணத்தில் மூவகை ஆட்டத்திலும் முதன்முறையாக இறங்கிய இந்தியர் அவரே. டெசுட்டு ஆடிய இந்தியர்களின் வரிசையில் அவர் 300ஆமவர்.

பிரிசுபேன் ஆட்டம் தனித்துக் கூறத்தக்கது. அங்கே ஆசுத்திரேலியர் 1988க்குப் பின் தோற்றதில்லை. இந்திய அணியின் முதன்மைப் பந்து வீச்சாளர் அனைவரும் காயத்தால் விலகியிருந்தனர். களத்தில் இறங்கிய ஐந்து பந்து வீச்சாளரும் சேர்ந்து அதற்குமுன் ஆடியிருந்த டெசுட்டு ஆட்டங்கள் நான்கே. அவர்களுள் நடராஜனும், சென்னையைச் சார்ந்த வாசிங்டன் சுந்தரும் அன்றுதான் முதன்முறையாக டெசுட்டு ஆடினர். முதற்பகுதியில் நடராஜன் 78 ஓட்டங்கள் கொடுத்து மூவரை வீழ்த்தினார். சதம் அடித்திருந்த லபுசேன் அம்மூவருள் ஒருவர். இறுதி நாளாகிய சனவரி 19இல் இந்தியா 328 ஓட்டங்கள் என்னும் இலக்கைக் கடந்து மூன்று விக்கெட்டு வேறுபாட்டில் வென்றது.

ஊர் திரும்பிய நடராஜனைச் சின்னப்பம்பட்டி மக்கள் குதிரை பூட்டிய சாரட்டில் ஏற்றி அழைத்துச் சென்றனர். பின்னர் அவர் பழநிக்குச் சென்று முடிகாணிக்கை செலுத்தினார். அவ்வாண்டு மார்ச்சு 28இல் புனே நகரில் இங்கிலாந்துடன் நடந்த ஆட்டத்தின் இறுதி ஓவர் அவரிடம் ஒப்படைக்கப்பட்டது. எதிரணிக்கு வேண்டியவை 14 ஓட்டங்கள். மட்டை பிடித்து நின்றவர் 90 ஓட்டங்களைக் கடந்துவிட்ட சாம் கரன். நடராஜன் அவரை அடக்கி நிறுத்தவே, இந்தியா ஏழு ஓட்டங்களால் வென்றது.

அடுத்த மாதமே முழங்காலில் அறுவை மருத்துவம் செய்துகொள்ள நேர்ந்தது. விரைவாகப் பந்து வீசுவோர் ஒவ்வொரு பந்துக்கும் தம் உடல் எடையைப் போல் பன்மடங்கு பாரத்தை முன்காலில் தாங்குகின்றனர். அவர்களுடைய ஆட்டக்காலம் முழங்காலையும் முதுகையும் பொறுத்தது. எனினும் நடராஜன் 2022இல் ஐதராபாத்து அணிக்காகப் 11 ஆட்டங்களில் 18 விக்கெட்டுகளும், 2024இல் 19 விக்கெட்டுகளும் வீழ்த்தினார். அவ்வாண்டு இறுதியில் நடந்த ஏலத்தில் தில்லி அணியினர் அவரைப் 10 கோடியே 75 இலட்சம் ரூபாய்க்கு எடுத்தனர்.

இதற்கிடையே அவர் தம் ஊரில் பயிற்சிக்கூடம் ஒன்றைத் தொடங்கி, பின்னர்ப் புல்தரையுடன் கூடிய மைதானத்தையும் அமைத்தார். அதனை 2023 சூன் மாதத்தில் தினேசு கார்த்திக் திறந்து வைத்தார். 2019ஆம் ஆண்டு தமிழ்நாடு பிரிமியர் லீக் இறுதி ஆட்டத்தில் 15 ஓட்டங்களுக்கு ஐந்து விக்கெட்டுகளை வீழ்த்திச் சேப்பாக்கம் அணிக்குக் கோப்பை பெற்றுத் தந்த பெரியசாமியும் சின்னப்பம்பட்டியைச் சேர்ந்தவரே.