பானை ஓடும் பரிகாசப் பேச்சும்

புதைபொருள் ஆராய்ச்சிக்காரர் என்றதும், மூக்குக் கண்ணாடியும் தூசி படிந்த புத்தகமுமாக ஒரு சாதுப் பிராணியைத்தான் நாம் கற்பனை செய்துகொள்கிறோம். ஸர் மார்ட்டிமர் வீலர் அந்த ரகமல்ல. அடர்ந்த மீசை, ராணுவ மிடுக்கு, குறும்பு ததும்பும் பேச்சு! 1954-ம் வருஷத்தில் பிரிட்டனின் தலைசிறந்த டெலிவிஷன் பிரமுகராகத் தேர்ந்தெடுக்கப்பட்டவர், சினிமா நட்சத்திரமல்ல. அறுபதைத் தாண்டிய இந்தப் பண்டிதர்தான்.

1952-ல் பி.பி.ஸி. "மிருகமா, தாவரமா, தாதுவா?" என்ற நிகழ்ச்சியை ஆரம்பித்தது. ஏதேனும் ஒரு மியூஸியம் தன்னிடமுள்ள விசித்திரப் பொருள்களை அனுப்பி வைக்கும். மூன்று அறிஞர்கள் அவற்றைக் கையிலெடுத்து, இன்ன பொருள், இன்ன தேசத்தது, இன்ன காலத்தது என்று சொல்லவேண்டும். கேம்பிரிட்ஜைச் சேர்ந்த க்ளின் டானியல் தலைமை வகிப்பார். வீலரோ விடையை உடனே சொல்லிவிட மாட்டார். பொருளைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பார்; மீசையைத் தடவுவார்; ஒன்றும் புரியாதவர்போல் விழிப்பார். வீட்டிலிருந்து பார்ப்பவர்கள் 'மாட்டிக்கொண்டார்!' என்று நினைக்கும் சமயத்தில் பளிச்சென்று விடை வரும்.

பண்டிதர் இப்படி வேடிக்கை காட்டலாமா என்று முகம் சுளித்தவர்களும் உண்டு. விஷயம் தெரியாதவன் செய்தால் அது கோமாளித்தனம். வீலருக்கு விஷயம் தெரியும். அதற்கு நம் நாடே சாட்சி. 1944 முதல் 1948 வரை இந்தியப் புதைபொருள் இலாகாவின் தலைவராக இருந்தவர் அவர். சென்னை மியூஸியத்தின் அலமாரியில் கிடந்த ஒரு ஜாடித் துண்டைக் கண்டதுமே, ரோமானியர் திராட்சை மது நிரப்பும் ஜாடி அது என்று அறிந்துகொண்டார். அது புதுச்சேரியை அடுத்த அரிக்கமேட்டில் கிடைத்தது. 1945-ல் அங்கே தோண்டியபோது இத்தாலிய நாட்டுச் சிவப்பு மட்கலங்கள் வெளிப்பட்டன. அவற்றின் காலம் தெரிந்திருந்தபடியால், அதே மண்ணடுக்கில் கிடைத்த நம் நாட்டுப் பானைகளுக்கும் காலம் கணிக்க முடிந்தது. தென்னிந்திய சரித்திர ஆராய்ச்சிக்கு இது சாமானிய உதவியல்ல.

ஆனால் நாடக ருசி அவரை ஏமாற்றியதும் உண்டு. மொஹஞ்சதாரோவில் கிடைத்த எலும்புக்கூடுகளைக் கொண்டு, ஆரியப் படையெடுப்பே அந்நகரை அழித்தது என்று 1947-ல் எழுதினார். இந்திரனையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றினார்! எத்தனை சாமர்த்தியமான வாக்கியம்! 1964-ல் ஜார்ஜ் டேல்ஸ் என்ற அமெரிக்கர் ஆராய்ந்து, படுகொலை நடந்ததற்கு ஆதாரமில்லை என்று காட்டினார். அந்த எலும்புக்கூடுகள் ஒரே காலத்தவை கூட அல்ல.

டெலிவிஷன் நிகழ்ச்சி 1959-ல் முடிந்தது. வீலர் 1976-ல் காலமானார். இந்திரன் மீது போட்ட வழக்கை மட்டும் என் வகுப்புப் பிள்ளைகள் இன்னும் நடத்திக்கொண்டிருக்கிறார்கள்.