கணக்கில் அறியாத பெயர்

திண்டிவனத்துக் கடையில் அம்மா கிரெடிட் கார்டு கொடுத்துத் துணி வாங்குகிறார். விழுப்புரம் வீட்டிற்கு மாதக் கணக்கு வருகிறது. அதிலோ வேறு பெயர், ஊர் மும்பை! பணம் திருட்டுப் போய்விட்டதா?

அவசரப்பட வேண்டாம். கடையிலுள்ள இயந்திரம் அனுப்பும் செய்தியில் கடைப்பெயர், ஊர், நாடு மூன்றுக்கும் சேர்த்து 40 எழுத்துகளுக்கே இடமுண்டு. ஐ.எஸ்.ஓ. 8583 என்னும் பன்னாட்டுத் தரம் வகுத்த அளவு இது. நீண்ட பெயர் பாதியில் அறுபடும். பெயர்ப்பலகையில் உள்ள பெயருக்குப் பதிலாக நிறுவனத்தின் பதிவுப்பெயரும் தலைமையகத்தின் ஊரும் அச்சாவதுண்டு. தேதியும் ஓரிரு நாள் தள்ளி விழலாம். ஆகவே, பெயரைவிடத் தொகையே நல்ல தடயம். ரசீதோடு ஒப்பிடுங்கள், வீட்டில் எல்லோரையும் கேளுங்கள்.

பொருந்தவில்லையா? உடனே கார்டின் பின்புறமுள்ள எண்ணில் வங்கியை அழைத்து, கார்டை முடக்கச் சொல்ல வேண்டும். புகார் எண்ணையும் தேதியையும் குறித்துவைக்க வேண்டும்.

ஏன் இந்த வேகம்? ரிசர்வ் வங்கி 2017 ஜூலை 6-இல் வகுத்த விதியைப் பாருங்கள். தவறு வங்கியிடமும் நம்மிடமும் இல்லாதபோது, 3 வேலை நாட்களுக்குள் தெரிவித்தால் நமக்கு இழப்பே இல்லை. 4 முதல் 7 நாள் ஆனால் ஒரு பகுதி நம் தலையில் விழும். தவறு நம்முடையது என்று நிரூபிக்க வேண்டியதும் வங்கியே. ஆனால் ரகசிய எண்ணை நாமே பிறரிடம் சொல்லியிருந்தால், புகார் செய்யும்வரை ஏற்பட்ட நட்டம் நம்முடையதே.

இந்த நாட்கணக்கு, வங்கியின் தகவல் கிடைத்ததுமே தொடங்கிவிடுகிறது. குறுஞ்செய்தியைக் கவனியாமல் மாதக் கணக்குக்காகக் காத்திருந்தால் கெடு கடந்துவிடும். அம்மாவின் கைபேசிக்கு வரும் வங்கிச் செய்திகளை அன்றன்றே பார்க்கும் வேலையை நீங்கள் ஏற்றுக்கொள்ளலாமே!