லோடட் பேக்டு பொட்டேட்டோ

லோடட் பேக்டு பொட்டேட்டோ என்பது தோலுடன் ஓவனில் சுட்ட உருளைக்கிழங்கைப் பிளந்து, வெண்ணெய், செடார் சீஸ், புளித்த பாலேடு முதலியவற்றை நிறைத்து உண்ணும் அமெரிக்க உணவாகும். மாவுத்தன்மை மிகுந்த ரஸ்ஸெட் வகைக் கிழங்கே ஏற்றது. முள்கரண்டியால் குத்தி, எண்ணெயும் உப்பும் தடவி, 200 பாகை செல்சியசில் சுமார் ஒரு மணி நேரம் சுட வேண்டும். இனிப்பும் உப்பும் கலந்த சுவைக்கு, சிறு தீயில் பழுப்பாகும் வரை வதக்கிய வெங்காயத்தை மேலே இடலாம், சர்க்கரை தேவையில்லை.

அலுமினியத் தாளில் சுற்றிச் சுட்டால் தோல் மொறுமொறுப்பாகாது. அது சிறு குறைதான். சுட்ட கிழங்கைத் தாளோடு வெளியில் வைத்துவிடுவதே ஆபத்து. சூட்டில் சாகாத கிளாஸ்டிரிடியம் பொட்டுலினம் வித்துகள் காற்றுப் புகாத ஈரத்தில் முளைத்து நஞ்சை உண்டாக்கும். 1994இல் டெக்சாஸ் மாநில எல் பாசோ நகரில், அவ்வாறு வைத்திருந்த கிழங்கில் செய்த உணவால் 30 பேர் பாதிக்கப்பட்டனர். மீந்த கிழங்கைத் தாளைப் பிரித்து உடனே குளிர்பெட்டியில் வைக்க வேண்டும்.