தாமதமும் தணிக்கையே: ஆனந்த் பட்வர்தனின் ஆவணப்படங்களும் நீதிமன்ற வழக்குகளும்

முன்னுரை

இந்திய ஆவணப்பட வரலாற்றில் ஆனந்த் பட்வர்தன் (பி. 1950) தனியிடம் பெறுபவர். குடிசைவாழ் மக்கள், மதவாதம், அணுஆயுதம், சாதி ஆகியன அவர்தம் படங்களின் பொருண்மைகள். அப்படங்கள் எவற்றைச் சொல்லின என்பதோடு, எப்போது மக்களைச் சென்றடைந்தன என்பதையும் இணைத்து நோக்கும்போதே அவரது பணியின் முழுப் பரிமாணம் புலப்படும். அந்நோக்கில் இக்கட்டுரை அமைகிறது.

விருதும் மறுப்பும்

பொதுத்திரையிடலுக்குத் தணிக்கை வாரியத்தின் சான்றிதழ் தேவை. நாடு முழுவதும் சென்றடைய தூர்தர்ஷனே அந்நாளில் வழி. சான்றிதழ், தேசிய விருது, ஒளிபரப்பு ஆகிய மூன்றும் அரசு சார்ந்த அமைப்புகளின் கையில் இருந்தன. ஓர் அமைப்பு பாராட்டிய படத்தை மற்றோர் அமைப்பு மறுக்கும் முரண் இங்குத்தான் தோன்றுகிறது. பம்பாயில் குடிசைகள் இடிக்கப்படுவதைப் பதிவுசெய்த 'ஹமாரா ஷஹர்' (1985) தேசிய விருது பெற்றும், நீதிமன்றத்தின் வழியாகவே தொலைக்காட்சியை எட்டியது.

காலம் கடந்த வெற்றி

அயோத்தி இயக்கத்தை ஆராயும் 'ராம் கே நாம்' படத்தின் நிலை இதனினும் கடுமையானது. பாபர் மசூதி 1992 டிசம்பர் 6 அன்று இடிக்கப்படுவதற்கு முன்பே அப்படம் நிறைவுற்றது. சிறந்த புலனாய்வுப் படத்திற்கான தேசிய விருதையும் பெற்றது. எனினும், இடிப்பு நிகழ்ந்து சில ஆண்டுகள் கழிந்த பின்னரே நீதிமன்ற ஆணையால் தூர்தர்ஷனில் ஒளிபரப்பானது. எச்சரிக்கையாக வந்திருக்க வேண்டிய படம் வரலாற்று ஆவணமாக வந்து சேர்ந்தது.

ஆண்மைக் கருத்தாக்கத்திற்கும் மதவன்முறைக்கும் உள்ள தொடர்பை ஆராயும் 'பித்ர், புத்ர் அவுர் தர்மயுத்' பற்றிய வழக்கு உச்ச நீதிமன்றம்வரை சென்றது. முதற்பகுதி 'யு' சான்றிதழும் இரண்டாம் பகுதி 'ஏ' சான்றிதழும் பெற்றிருந்தன. 2006இல் வழங்கப்பட்ட தீர்ப்பு ஒளிபரப்புக்கு ஆணையிட்டது. ஒரு படத்தைத் தனிக்காட்சிகளாகப் பிரித்தன்றி, முழுமையாகவும் இயல்பான சராசரிப் பார்வையாளரின் நோக்கிலும் மதிப்பிட வேண்டும் என்னும் அளவுகோலை அத்தீர்ப்பு உறுதிசெய்தது. பிற படைப்பாளர்க்கும் பயன்படும் அளவுகோல் இது. ஆயினும் படம் உருவாகிப் பத்தாண்டுக்கு மேல் கழிந்திருந்தது.

பொக்ரான் அணுச்சோதனையைத் தொடர்ந்து எடுக்கப்பட்ட 'ஜங் அவுர் அமன்' (2002) படத்தில் 21 வெட்டுகள் கோரப்பட்டன. 2003இல் பம்பாய் உயர் நீதிமன்றம் வெட்டின்றித் திரையிட வழிசெய்தது.

இருவகைக் காலம்

பட்வர்தன் தாமே வேண்டி ஏற்ற காலநீட்சியும் உண்டு. 1997இல் மும்பை ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலை அவமதிப்பைக் கண்டித்துத் திரண்ட தலித் மக்கள்மீது காவல்துறை சுட்டதில் பத்துப்பேர் மாண்டனர். அதனால் மனமுடைந்து உயிர்நீத்த பாடகர் விலாஸ் கோக்ரே, முன்னர் 'ஹமாரா ஷஹர்' படத்தில் பாடியவர். அவர் நினைவிலிருந்து தொடங்கிய 'ஜெய்பீம் காம்ரேட்' (2011) 14 ஆண்டு உழைப்பில் உருவானது. வழக்குகள், கலைப்பண்பாட்டு இயக்கங்கள், தேர்தல்கள் ஆகியவற்றினூடே அம்மக்களின் வாழ்வைப் பின்தொடர அக்காலம் தேவைப்பட்டது.

முடிவுரை

படைப்பாளர் மக்களோடு செலவிடும் காலம் படத்தின் உண்மையை ஆழப்படுத்துகிறது. நிறுவனங்கள் சுமத்தும் காலமோ அவ்வுண்மை பயன்படும் தருணத்தைப் பறிக்கிறது. வெட்டப்பட்ட காட்சிகளை மட்டும் தணிக்கையாகக் கணக்கிட்டால் இவ்விழப்பு நம் கண்ணுக்குத் தப்பிவிடும். ஆதலால், ஆவணப்பட ஆய்வில் படம் நிறைவுற்ற ஆண்டோடு, அது பரந்த மக்களைச் சென்றடைந்த ஆண்டும் பதிவுசெய்யப்பட வேண்டும். அவ்விரண்டுக்கும் இடையேயுள்ள இடைவெளியே தணிக்கையின் உண்மையான அளவைக் காட்டும்.